முப்பது விநாடிக்காக ஒன்பது நாள்

ஊர் திரும்பி நாலு நாளாகிறது. இருமல் இன்னும் விடவில்லை. அங்கே இருந்தபோது தினமும் இரவில் கைப்பேசியில் கிறுக்கி வைத்ததை, சுக்குக் காப்பியும் கையுமாக உட்கார்ந்து கொஞ்சம் சீர்செய்து போடுகிறேன்.

எதற்காகப் போனேன் என்று சொன்னதும் வீட்டிலேயே சிரித்தார்கள். க்ளௌஸ் டோல்டிங்கர் என்று ஒரு ஜெர்மன் இசையமைப்பாளர். 2025 அக்டோபர் 16 அன்று 89 வயதில் இறந்துபோனார். நீர்மூழ்கிக் கப்பலுக்குள்ளேயே நடக்கும் 'தாஸ் போட்' படத்துக்கு 1981இல் இசையமைத்தவர் என்றால் இங்கே சிலருக்குப் பிடிபடும். ஜெர்மனியில் அவரைத் தெரியாத காதே இல்லை. அதற்குக் காரணம் ஒரு தொலைக்காட்சித் தொடரின் முகப்பிசை. 'டாட்டோர்ட்' என்ற துப்பறியும் தொடர், பொருள் 'குற்றம் நடந்த இடம்'. 1970 நவம்பர் 29 அன்று தொடங்கி, ஞாயிறு இரவு எட்டே கால் மணிக்கு இன்றுவரை ஓடிக்கொண்டிருக்கிறது. 1,200 கதைகளுக்கு மேல் வந்தாயிற்று. முகப்பு மட்டும் அதேதான், சுமார் 30 விநாடி.

நான் வடபழனியில் ஒரு சின்ன டப்பிங் ஸ்டுடியோவில் சவுண்ட் இன்ஜினியர். பதினாறு வருடம் முன்னால் ஒரு மெகா சீரியலுக்கு டைட்டில் மியூசிக் போட்டேன், 28 விநாடி. மூவாயிரத்து ஐந்நூறு ரூபாய் கவரில் போட்டுக் கொடுத்தார்கள். சீரியல் நாலு வருடம், வாரத்தில் ஐந்து நாள் ஓடியது. அது ஆரம்பிக்கும்போதெல்லாம் அம்மா டிவி சத்தத்தைக் கூட்டிவிடுவார். டோல்டிங்கர் மேல் எனக்கு வந்த ஆர்வம் அந்தக் கவரில் தொடங்கியது என்று வைத்துக்கொள்ளுங்கள்.

நவம்பர் 8, சனி: டுசெல்டோர்ஃப்

சாயங்காலம் ஐந்து மணிக்கே இருட்டிவிட்டது. என்னோடு ஹாஸ்டலில் இருந்த நண்பன் பதினோரு வருடமாக இங்கே இருக்கிறான். விமான நிலையத்தில் என்னைப் பார்த்ததும் நலம்கூட விசாரிக்கவில்லை. "டேய், இதுக்குப் பேர் ஜாக்கெட் இல்ல, ஜன்னல் ஸ்கிரீன்" என்று கையில் தயாராக வைத்திருந்த கனத்த கோட்டை மாட்டிவிட்டான்.

வீட்டில் மிளகு ரசம், உருளைக்கிழங்கு வறுவல். "ஏன் அண்ணா, இவ்வளவு தூரம் வந்துட்டு கொலோன் சர்ச்சுகூடப் பார்க்காம யாரோ ஒரு மியூசிக் டைரக்டரத் தேடிப் போறீங்களே" என்று அவன் மனைவி கேட்டார். அவன்தான் பதில் சொன்னான். இங்கே டிவி இருந்தாலும் இல்லாவிட்டாலும் ஒவ்வொரு வீடும் ஒளிபரப்புக் கட்டணம் கட்டியாக வேண்டும், மாதம் 18 யூரோ 36 சென்ட். டாட்டோர்ட் ஓடுவது அந்தக் காசில்தான். "உங்க அண்ணனோட ஆளுக்குப் பதினோரு வருஷமா மாசாமாசம் மொய் வெச்சது நான்தான்."

நவம்பர் 9, ஞாயிறு: டுசெல்டோர்ஃப்

இன்றைக்குக் கடைகள் எல்லாம் மூடல். கையுறை வாங்க நினைத்திருந்தேன், கைகளைக் கோட்டுப் பையிலேயே வைத்துக்கொண்டு திரிந்தேன்.

டாட்டோர்ட்டை வீட்டில் பார்ப்பதோடு, மதுக்கடைகளில் கூட்டமாக உட்கார்ந்து பார்க்கும் வழக்கமும் இங்கே உண்டு. அப்படி ஒரு கடையில், உள்ளூர்க்காரர்களோடு சேர்ந்து அந்த 30 விநாடியைக் கேட்பதுதான் என் திட்டம். காரை நிறுத்த இடம் தேடி மூன்று தெரு சுற்றினோம். கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே நுழைந்தபோது மணி 8.17. செய்தி முடிந்து, முகப்பும் முடிந்து, திரையில் யாரோ ஒரு பெண் பிணத்தைக் குனிந்து பார்த்துக்கொண்டிருந்தாள். சென்னையிலிருந்து ஏழாயிரம் கிலோமீட்டருக்கு மேல் வந்தவன் இரண்டு நிமிடத்தில் கோட்டை விட்டேன்.

சரி, கிளம்பலாம் என்றால் வழியில்லை. எங்களுக்குப் பின்னால் வந்தவர்கள் நாற்காலி போட்டு வாசலை அடைத்துவிட்டார்கள். 90 நிமிடம், ஒரு வார்த்தை புரியாத படம். ஒருமுறை நண்பன் காதில் என்னவோ கேட்டேன். முன்வரிசைப் பெண்மணி திரும்பி விரலை உதட்டில் வைத்தார். படம் முடிந்ததும் அதே பெண்மணி என்னிடம் வந்து, கொலையாளி யாரென்று எப்போது கண்டுபிடித்தீர்கள் என்று ஆங்கிலத்தில் ஆவலாக விசாரித்தார். கொலை யாருடையது என்பதே எனக்குத் தெரியாது என்று எப்படிச் சொல்வது? "கடைசியில்தான்" என்றேன். அவருக்கு ரொம்பத் திருப்தி, தான் பாதியிலேயே கண்டுபிடித்துவிட்டாராம்.

வரும் வழியில் நண்பன் வயிற்றில் புளியைக் கரைத்தான். எல்லா ஞாயிறும் டாட்டோர்ட் வராதாம். சில வாரம் அதே நேரத்தில் 'பொலிட்சைரூஃப் 110' வரும். அது 1971இல் கிழக்கு ஜெர்மனியில் தொடங்கிய தொடர், இரு நாடும் இணைந்த பிறகும் தொடர்கிறது. அதற்கு முகப்பு வேறு, இசை வேறு. எனக்கு மிச்சம் இருப்பது ஒரே ஒரு ஞாயிறு.

படுக்கும் முன் கைப்பேசியில் முகப்பைப் போட்டுப் பார்த்தேன். இரண்டு கண்கள், கண்ணைக் குறிவைக்கும் சிலுவைக் கோடு, ஈரத் தார்ச்சாலையில் ஓடும் கால்கள். கண்ணும் காலும் ஹோர்ஸ்ட் லெட்டன்மேயர் என்ற நடிகருடையவை. 1970இல் அவருக்குக் கொடுத்தது 400 மார்க் (யூரோவுக்கு முந்தைய ஜெர்மன் பணம்), ஒரே தடவை. முகப்பை உருவாக்கிய கிறிஸ்டினா பாட்ரிச்-மெர்ஜனோவாவுக்கு 2,500 மார்க், அதுவும் ஒரே தடவை. பல பத்தாண்டுகள் கழித்து அவர் வழக்குப் போட்டார். கீழ் நீதிமன்றம் அவர் பக்கம் நின்றது, மேல் நீதிமன்றம் கூடுதல் பணம் கிடையாது என்றுவிட்டது. டோல்டிங்கர் கதை வேறு. இசை காற்றில் போகும் ஒவ்வொரு தடவையும் அவர் கணக்கில் ஏதோ விழும். அதே முப்பது விநாடி, அதே திரை. என் கவர் ஞாபகம் வந்து தூக்கம் கொஞ்சம் தள்ளிப்போனது.

நவம்பர் 10, திங்கள்: டுசெல்டோர்ஃப்

காலையில் ராபர்ட் ஷூமன் இசைப்பள்ளி வரை போனேன். வெளியே நின்று பார்க்க விசேஷமாக ஒன்றுமில்லை. செல்லோ பெட்டியை முதுகில் சுமந்த பிள்ளைகள் சைக்கிளில் வருகிறார்கள். டோல்டிங்கர் பிறந்தது பெர்லினில், 1936இல். போர்க்காலத்தில் குடும்பம் வியன்னாவுக்குப் போய், பிறகு பவேரியாவுக்கு ஓடிவந்து, கடைசியில் இந்த ஊரில் நின்றது. 1947இல், பதினோரு வயதில், இங்கே சேர்த்துவிட்டார்கள். முதலில் பியானோ, அப்புறம் கிளாரினெட். ஊரே இடிபாடாகக் கிடந்த காலம். அந்த வயதுப் பையனைப் பியானோ வகுப்புக்கு அனுப்பிய பெற்றோரை நினைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றேன். குளிர் விரட்டிவிட்டது.

சாயங்காலம் எதிர்பாராத ஒன்று. தெருவெல்லாம் காகித விளக்கு ஏந்திய குழந்தைகள். புனித மார்ட்டின் விழாவாம். முன்னால் சிவப்புப் போர்வை போர்த்திய ஆள் குதிரை மேல் வருகிறார், பின்னால் பித்தளை வாத்தியக் குழு. குழுவில் கடைசி ஆள் அரைச் சுருதி கீழே வாசித்துக்கொண்டு வந்தார், அதைப் பற்றி யாருக்கும் கவலையில்லை. நம்மூர்க் கோயில் உலாவில் போவது போலவே இருந்தது. விளக்குகளை அண்ணாந்து பார்த்தபடி நடந்ததில் குதிரைச் சாணத்தில் நன்றாகக் காலை வைத்தேன். பக்கத்தில் ஒரு அப்பா பேசாமல் ஈரத்தாளை நீட்டினார். ஒன்று போதாது என்று பார்த்துவிட்டு இன்னும் இரண்டு. மனித உருவத்தில், வாயில் களிமண் புகைக்குழாய் செருகிய இனிப்பு பிரெட் ஒன்று வாங்கினேன், இரண்டரை யூரோ. நம்ம பன் ருசிதான். புகைக்குழாயை மட்டும் ஊருக்குக் கொண்டுவந்திருக்கிறேன்.

நவம்பர் 11, செவ்வாய்: டுசெல்டோர்ஃப்

பதினோராம் மாதம், பதினோராம் தேதி, பதினொன்று பதினொன்றுக்குக் கார்னிவல் தொடக்கம். பழைய நகரசபைக்கு முன்னால் ஒரு பிரமாண்ட கடுகுச் சட்டிக்குள்ளிருந்து 'ஹொப்பெடிட்ஸ்' என்ற கோமாளி எழுந்து வந்து ஊர்ப் பெரியவர்களைக் கிண்டலடிக்கிறான். சட்டி ஏன் என்றால், கடுகுக் குழம்புக்கு இந்த ஊர் பேர்போனது. கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. புரியாதவன் கொஞ்சம் தாமதமாகச் சிரித்துக்கொண்டிருந்தேன்.

எனக்கு வேண்டியிருந்தது பழைய ஊரின் சந்துகள். 1950களில் டோல்டிங்கர் 'ஃபீட்வார்மர்ஸ்' என்ற டிக்ஸிலேண்ட் (பழைய பாணி ஜாஸ்) குழுவில் சேர்ந்து வாசிக்கத் தொடங்கியது இந்த ஊரில்தான். பகலில் இசைப்பள்ளியில் செவ்வியல், ராத்திரியில் ஜாஸ். 1960இல் அமெரிக்கா போனபோது நியூ ஆர்லியன்ஸ் நகரம் அவருக்குக் கௌரவக் குடியுரிமை கொடுத்தது. ஜெர்மானியனுக்கு ஜாஸ் வருமா என்று கேட்ட காலத்தில், 1963இல் போட்ட இசைத்தட்டுக்கு 'ஜெர்மனியில் தயாரான ஜாஸ்' என்றே பெயர் வைத்தார். ஆனால் வயிறு என்று ஒன்று இருக்கிறதே. ஜாஸ் ரசிகர்கள் முகம் சுளிப்பார்கள் என்று, ஆட்டம் போட வைக்கும் தட்டுகளுக்கு 'பால் நீரோ' என்று வேறு பெயர் போட்டுக்கொண்டார். விளம்பரங்களுக்கும் வாசித்தார். நம் கோடம்பாக்கத்தில் பகல் முழுக்க சினிமாவுக்கு வாசித்துவிட்டு மார்கழியில் சபாவில் உட்காரும் வயலின்காரர்களைத் தெரிந்தவர்களுக்கு இது புதிதாகத் தோன்றாது.

மதியம் ஒரு பழைய மதுக்கூடத்தில் நுழைந்தோம். பரிமாறுபவரை இங்கே 'கோபெஸ்' என்கிறார்கள். நீல ஏப்ரன், கடுகடு முகம். மெனு அட்டை கேட்டேன். ஏதோ பேத்தல் கேட்டது போல மேலும் கீழும் பார்த்துவிட்டுப் போய்விட்டார். அவமதிப்பு இல்லை, மரபே அப்படித்தானாம், சிரித்தால்தான் சந்தேகப்பட வேண்டும் என்றான் நண்பன். காலியான தம்ளரைப் பார்த்ததும் கேட்காமலே அடுத்த ஆல்ட் பியரை வைத்துவிட்டு, அடி அட்டையில் பென்சிலால் ஒரு கோடு போடுகிறார். போதும் என்றால் அட்டையைத் தம்ளர் மேல் மூடிவைக்க வேண்டும். இது தெரியாமல் "நோ, தேங்க்யூ" என்று சொல்லிச் சொல்லியே ஐந்து கோடு வாங்கினேன். தம்ளர் கால் லிட்டர்தான், மூன்று யூரோ சொச்சம். முந்நூறு ரூபாய் என்று மனசு கணக்குப் போடுவதை நிறுத்தவே முடியவில்லை.

சாப்பிட 'ஹால்வெ ஹான்' சொன்னேன், 'பாதிச் சேவல்' என்று பொருள். குளிருக்குக் கோழி நல்லதுதானே. வந்தது ரை என்ற தானியத்தில் செய்த ரொட்டி, அதன்மேல் விரல் தடிமனுக்கு ஒரு பாலாடைக்கட்டி, வெங்காயம், கடுகுக் குழம்பு. கோழி எங்கே என்று கேட்டேன். கடுகடு கோபெஸ் அப்போதுதான் முதல் தடவையாகச் சிரித்தார். சந்தேகப்பட்டிருக்க வேண்டும். கடுகுக் குழம்பை ஒரு கரண்டி நிறைய தடவியிருந்தேன். மூக்கு வழியாக உச்சந்தலைக்கு ஏறியது.

நவம்பர் 12, புதன்: ரயிலில்

மியூனிக் ஐந்து மணி நேரப் பயணம் என்று டிக்கெட் சொன்னது, எட்டரை ஆனது. வூர்ட்ஸ்பர்க்கில் நின்ற ரயில் இரண்டு மணி நேரம் அசையவே இல்லை. ஜெர்மன் ரயில் கடிகாரம் மாதிரி என்று எனக்குச் சின்ன வயதில் சொன்னவர்களை நினைத்துக்கொண்டேன். பெட்டியில் ஒருவருக்கும் கோபமில்லை, பழகிய வலி போல. எதிரே இருந்த பாட்டி ஆரஞ்சு உரித்து ஆளுக்கு இரண்டு சுளை கொடுத்தார், எனக்கு மூன்று. கேன்டீனில் தொத்திறைச்சி ஐந்தரை யூரோ. பிறகு அதுவும் தீர்ந்துவிட்டது.

விடுதியில் ஆறு பேர் அறை, ராத்திரிக்கு 38 யூரோ. மேல்படுக்கை.

நவம்பர் 13, வியாழன்: மியூனிக், கைசல்காஸ்டைக்

25ஆம் நம்பர் டிராம் ஊரைத் தாண்டிக் காட்டோரமாகப் போகிறது. வழியில் காஸ்டைக் பக்கம் 'கேமா' அலுவலகம் இருக்கிறது. வானொலி, டிவி, ஓட்டல், நடன அரங்கு என்று இசை ஒலிக்கும் இடத்திலெல்லாம் காசு வசூலித்து, எவ்வளவு ஒலித்தது என்று கணக்குப் பார்த்து, எழுதியவர்களுக்குப் பங்கு பிரித்துத் தருகிற அமைப்பு. மற்றவர்கள் தேவாலயத்துக்கு வைக்கும் வணக்கத்தை டிராமிலிருந்தே அதற்கு வைத்தேன்.

பவேரியா ஃபில்ம்ஸ்டாட், 1919இலிருந்து படம் எடுக்கும் இடம். ஆங்கில வழிகாட்டியோடு போகும் சுற்றை நான் தவறவிட்டேன், எழுந்திருக்கத் தாமதம். ஜெர்மன் சுற்றில் ஒரு பள்ளிக்கூட வகுப்போடு சேர்த்துவிட்டார்கள். முப்பது பத்து வயதுப் பிள்ளைகள், இரண்டு ஆசிரியைகள், நான்.

'தாஸ் போட்' கப்பலின் உட்புறம் அப்படியே நிற்கிறது. எஃகுக் குழாய் ஒன்றுக்குள் நுழைந்தது போல. இருபக்கமும் வால்வுகள், அளவுமானிகள், குழாய்கள். நடுவில் ஒரு ஆள் பக்கவாட்டில் போகும் வழி. படுக்கைகளைப் பார்த்தால் நம் ரயில் சைடு அப்பர் அரண்மனை. ஒரு பகுதியிலிருந்து இன்னொன்றுக்கு வட்டத் துவாரம் வழியாகக் காலை முதலில் விட்டு, குனிந்து போக வேண்டும். பிள்ளைகள் எலி மாதிரி போய்விட்டார்கள். நான் தலையை முதலில் விட்டேன். 'டங்'கென்று இரும்பு மணி அடித்தது. ஒரு பையன் திரும்பிப் பார்த்து, என்னிடமே கற்றுக்கொண்டவன் போல அச்சு அசலாக அதே 'டங்'கைச் சொல்லிக் காட்டினான். வகுப்பே சிரித்தது. ஒளிப்பதிவாளர் யோஸ்ட் வகானோ தலைக்கவசமும் உடம்பில் பஞ்சுத் திண்டும் கட்டிக்கொண்டு நடிகர்களின் பின்னாலேயே இதற்குள் ஓடி ஓடிப் படமெடுத்தார் என்று படித்திருக்கிறேன். இப்போதுதான் காரணம் தலையில் புடைத்துக்கொண்டு தெரிந்தது.

அந்தக் கேமராவைக் குலுங்காமல் வைத்திருக்கச் சுழலிகள் பொருத்தியிருந்தார்கள். அவை போட்ட சத்தத்தில் செட்டில் பேசியது எதுவும் பதிவாகாது. அதனால் ஜெர்மன் வசனத்தையே அத்தனை நடிகர்களும் பிறகு ஸ்டுடியோவில் வந்து பேசினார்கள். ஆங்கிலத்துக்கும் முக்கிய நடிகர்கள் தங்களுக்குத் தாங்களே குரல் கொடுத்தார்கள். எங்கள் தொழிலில் 'டப்பிங்னாலே ஒட்ட வெச்சது' என்று பேசுபவர்களுக்கு நான் காட்டும் படம் இது. ஒலிக்காக மட்டும் இரண்டு ஆஸ்கர் பரிந்துரை வாங்கியது, மொத்தம் ஆறு.

வழிகாட்டிப் பெண் ஒரு பொத்தானை அழுத்தினார். இருட்டில் சிவப்பு விளக்கு, ஒலிபெருக்கியில் அந்த இசை. கீழே இருந்து மெதுவாக எழும்பி வரும் அதே மெட்டு. சிலிர்ப்பு என்றெல்லாம் எழுதலாம், ஆனால் எனக்கு முதலில் கேட்டது ஒலிபெருக்கியின் கரகரப்பு, வலது பக்கக் கோன் கிழிந்திருக்கிறது. அப்புறம்தான் இசை. போர்ப் படம் என்றால் பேரிகை, எக்காளம் என்று அடித்துக் கிளப்ப வேண்டும் என்பார்கள். டோல்டிங்கர் கடலின் எடையைத்தான் வாசித்திருக்கிறார். மெட்டு வளர வளரக் கப்பல் இன்னும் சின்னதாகிறது. இதே மெட்டைப் பத்து வருடம் கழித்து 'யூ 96' என்ற குழு டெக்னோவாக்கி, அது ஜெர்மன் பட்டியலில் முதலிடம் பிடித்தது. கப்பல் கதை தெரியாத பிள்ளைகளெல்லாம் டிஸ்கோவில் அதற்கு ஆடியிருக்கிறார்கள்.

வகானோவும் பின்னாளில் படத்தின் லாபத்தில் பங்கு கேட்டுப் பல வருடம் நீதிமன்றம் ஏறினார். இந்த ஊரில் யார் கதையைத் தொட்டாலும் அந்தக் கேள்விக்கே வந்து சேர்கிறது: ஒரே தடவைக் காசா, ஒவ்வொரு தடவையும் காசா?

கடைசியில் 'நெவர் எண்டிங் ஸ்டோரி'யின் வெள்ளை டிராகன். அதன்மேல் ஏறி உட்காரலாம், பின்னால் திரையில் மேகம் ஓடும். 1984இல் வந்த அந்தப் படத்தின் ஜெர்மன் பதிப்பு முழுக்க டோல்டிங்கர் இசை. அமெரிக்காவுக்குப் போனபோது ஜார்ஜோ மொரோடர் என்ற இத்தாலிய இசையமைப்பாளரின் சின்தசைஸரையும் ஒரு பாட்டையும் சேர்த்தார்கள். உலகம் ஞாபகம் வைத்திருப்பது அந்தப் பாட்டைத்தான். என் முறை வந்ததும் ஆசிரியைகள் தயங்கினார்கள். 'டங்' பையன் மட்டும் கையைக் காட்டி ஏறச் சொன்னான். ஏறினேன். படம் இருக்கிறது, போட மாட்டேன்.

நவம்பர் 14, வெள்ளி: ஷ்ரோபன்ஹௌசன்

சின்ன ஊர், வெள்ளை அஸ்பராகஸ் தண்டுக்குப் பேர்போனது. அதற்கென்று ஒரு அருங்காட்சியகமே வைத்திருக்கிறார்கள். பருவம் வசந்தத்தில்தான். நவம்பரில் போனவனுக்கு ஓட்டலில் அதன் சூப் கிடைத்தது, பாட்டிலில் போட்டு வைத்ததாக இருக்கும். நம் பூசணித் தண்ணீரில் வெண்ணெய் விட்டது மாதிரி. ஆறு யூரோ.

வந்தது வேறு காரணத்துக்கு. 1945இல் டோல்டிங்கர் குடும்பம் ஒதுங்கிய ஊர் இது. ஒன்பது வயதுப் பையன் இங்கே வந்திறங்கிய அமெரிக்கச் சிப்பாய்கள் வாசித்துத்தான் முதன்முதலாக ஜாஸ் கேட்டிருக்கிறான். அந்த இடம் எது என்று எந்தப் பலகையும் என் கண்ணில் படவில்லை. மதில் சுவரை ஒட்டி ஒரு சுற்று நடந்துவிட்டுத் திரும்பினேன்.

நவம்பர் 15, சனி: இக்கிங்

எஸ் 7 ரயில் வுல்ஃப்ராட்ஸ்ஹௌசன் பக்கம் போகப் போக வீடு குறைந்து மரம் கூடுகிறது. கடைசிக்கு முந்தின நிறுத்தம் இக்கிங். டோல்டிங்கர் 1968இலிருந்து இருந்த ஊர். ஸ்டுடியோவும் வீட்டோடுதான். பாஸ்போர்ட் என்ற ஜாஸ்-ராக் குழுவை 1971இல் தொடங்கியது, இத்தனை படங்கள், எல்லாம் இங்கே வந்த பிறகுதான். பாஸ்போர்ட்டின் முதல் தட்டில் டிரம்ஸ் வாசித்த உடோ லிண்டன்பெர்க் பிறகு பெரிய ராக் பாடகரானார். டாட்டோர்ட் முகப்பிலும் டிரம்ஸ் அவர்தான்.

இறங்கியதும் ஒரே மூடுபனி. பேக்கரியில் பிரெட்ஸல் (முடிச்சுப் போட்ட மாதிரி ஒரு ரொட்டி) வாங்கினேன், ஒரு யூரோ இருபது. அந்த அம்மாளிடம் மெதுவாக "டோல்டிங்கர்?" என்றேன். வீட்டைக் காட்டுங்கள் என்று நான் கேட்கவில்லை, ஆனால் அப்படித்தான் கேட்டிருக்கும். முகம் மாறாமல், மரியாதையாக, "உறை வேண்டுமா, அப்படியே தரட்டுமா?" என்று கேட்டார். அவ்வளவுதான். ஊர் தன் ஆளை விட்டுக்கொடுக்காது. சாவு நடந்து ஒரு மாதம்கூட ஆகவில்லை. எனக்கே கூச்சமாகிவிட்டது.

என் பின்னால் வரிசையில் நின்ற ஒரு பெரியவர் மட்டும் என்னைப் பார்த்தார். வலது ஆள்காட்டி விரலை நெடுக்காகவும் இடது விரலைக் குறுக்காகவும் பிடித்து, ஒரு கண்ணுக்கு முன்னால் சிலுவையாக வைத்தார். மற்றக் கண்ணை மூடித் திறந்தார். பிறகு ஒன்றுமே நடக்காதது போல இரண்டு ரை ரொட்டி வாங்கிக்கொண்டு போய்விட்டார்.

காட்டுப் பாதை வழியாக ஈசார் ஆற்றின் அணை வரைக்கும் இறங்கினேன். ஈர இலையில் இரண்டு முறை வழுக்கியது. கீழே தண்ணீர் பச்சையாக, சத்தமாக. மைக் கொண்டுவந்திருந்தேன். ஐந்து நிமிடம் பதிவு செய்தேன். வீட்டுக்கு வந்து கேட்டால் பாதிக்கு மேல் நான் பிரெட்ஸல் மெல்லும் சத்தம்.

நவம்பர் 16, ஞாயிறு: மியூனிக்

காலையில் ரீம். முகப்பில் அந்தக் கால்கள் ஓடியது இங்கிருந்த பழைய விமான நிலையத்தில். 1992 மே மாதம், ஒரே ராத்திரியில் விமான நிலையம் மொத்தத்தையும் வேறு இடத்துக்கு மாற்றிவிட்டார்கள். இப்போது கண்காட்சி அரங்குகள், அடுக்குமாடிகள், ஞாயிறு என்பதால் பூட்டிக் கிடக்கும் ஒரு பெரிய மால். பழைய கட்டுப்பாட்டுக் கோபுரம் மட்டும் அநாதையாக நிற்கிறது.

ராத்திரி பெய்த மழையில் தார்ச்சாலை பளபளத்தது. ஆளில்லை. கைப்பேசியை நடைமேடையில் சாய்த்து வைத்துவிட்டு, 400 மார்க் மனிதரைப் போல ஓடிப் பார்த்தேன். முதல் தடவை கால் திரைக்கு வெளியே. இரண்டாவது தடவை ஷூக் கயிறு. மூன்றாவது ஓட்டத்தில் நாயோடு வந்த ஒரு பெரியவர் நின்று பார்த்துக்கொண்டிருந்தார். ஏதாவது தொலைந்துவிட்டதா என்று கேட்டார். "டாட்டோர்ட்" என்று சொல்லிக் காலைக் காட்டினேன். யோசித்தார். பிறகு நாயின் கயிற்றை என் கையில் கொடுத்துவிட்டு, என் கைப்பேசியை எடுத்துத் தரையோடு குந்தி, ஓடு என்று சைகை காட்டினார். நாயும் நானும் ஓடினோம். அந்தப் பதிவுதான் உருப்படி.

சாயங்காலம் எந்த அபாயத்துக்கும் நான் தயாராக இல்லை. ஏழரை மணிக்கே விடுதியின் பொது அறையில் டிவிக்கு எதிரே இடம் பிடித்துவிட்டேன். இரண்டு ஜெர்மன் மாணவிகளும் மூலையில் உட்கார்ந்து கேம் ஆடும் ஒரு பையனும் இருந்தார்கள். இன்றைக்கு டாட்டோர்ட்தானே என்று மூன்று முறை கேட்டு உறுதி செய்துகொண்டேன். எட்டு மணிச் செய்தி, வானிலை, நாளைக்கும் மழை.

எட்டே கால். கண்கள் திறந்தன. சிலுவைக் கோடு வந்தது.

டிரம்ஸும் பாஸும் சேர்ந்து ஓடும் அந்த ஓட்டத்தைப் பல நூறு முறை ஹெட்போனில் கேட்டவன் நான். ஆனால் ஒரு மலிவு டிவியின் இரண்டு சின்ன ஸ்பீக்கரில் கேட்டபோதுதான் எவ்வளவு கெட்டிக்காரத்தனம் என்று தெரிந்தது. கீழ்ச்சுரங்கள் முக்கால்வாசி ஸ்பீக்கரில் வரவே இல்லை. இருந்தும் காலடி கேட்கிறது. சமையலறையில் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்த யாரோ ஒருவர் குழாயை நிறுத்திவிட்டு வந்து வாசலில் நின்றார். வீட்டில் சத்தம் கூட்டும் அம்மா மாதிரி. ஈரச் சாலை, கால்கள், விரல்ரேகைக் கோடுகள். முடிந்தது.

எழுந்து கோட்டை எடுத்துக்கொண்டேன். வாங்கி வைத்திருந்த நூடுல்ஸ் பையில் இருந்தது. மாணவிகளில் ஒருத்தி ஆச்சரியமாகப் பார்த்தாள்.

"முக்கால் மணி நேரமா காத்திருந்தீங்களே, பார்க்கலியா?"

"பார்த்தாச்சு" என்று சொல்லிவிட்டுத் தண்ணீர் கொதிக்கவைக்கப் போனேன்.